புனித நிக்கிபோரஸ் வாழ்க்கை ஓவியம், 12க்கு 16: படத்தை வாங்கலாம், துண்டுப்பிரசுரத்தை நம்ப வேண்டாம்

கொச்சிக்கடை அந்தோனியார் திருத்தலத்தைச் சுற்றியுள்ள கடைகளில் கிழக்கத்திய பாணித் திருவோவியங்கள் இப்போது பலகையில் ஒட்டி விற்பனைக்கு வருகின்றன. பெரும்பாலும் மாதா படமும் ஆண்டவர் படமும்தான். அவற்றுக்கிடையே கொன்ஸ்தாந்திநோப்பிள் மறைமுதுவர் புனித நிக்கிபோரஸின் வாழ்க்கை ஓவியமும் தொங்குகிறது. நடுவில் புனிதர், சுற்றிவர எட்டுக் கட்டங்களில் அவருடைய வரலாறு. 12க்கு 16 அங்குலம், 12 மில்லிமீற்றர் எம்.டி.எஃப் பலகை (மரநாரை அழுத்திச் செய்தது), விலை 6,800 ரூபா. 8க்கு 10 அங்குலத்தில் ஒரு சிறியதும் உண்டு, அது 3,200 ரூபா. இரண்டோடும் நான்கு பக்கத் தமிழ்த் துண்டுப்பிரசுரம் ஒன்று இலவசம்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். பெரியதை வாங்கலாம், வீட்டுக்குக் கொண்டுபோன கையோடு பின்பக்கத்துக்கு ஒரு வேலை செய்ய வேண்டும், அவ்வளவுதான். சிறியது வேண்டாம். எட்டுக் கட்டங்களும் முத்திரையளவுக்குச் சுருங்கி, முகங்கள் வெறும் புள்ளிகளாகிவிடுகின்றன. துண்டுப்பிரசுரத்தைக் கடையிலேயே விட்டுவிட்டு வாருங்கள். அது மூன்று ஆட்களை ஒரே ஆளாக்கியிருக்கிறது, அதற்குப் பிறகு வருவோம்.

நடு உருவத்திலிருந்து தொடங்கலாம். கிழக்கத்திய மரபில் ஓர் ஆயரின் படம் சரியாக வந்திருக்கிறதா என்று பார்க்கத் தலை, தோள், கை, பெயர் என்ற நான்கு இடங்கள் போதும். தலையில் எதுவும் இருக்கக் கூடாது. இன்று கிரேக்க ஆயர்கள் அணியும் குமிழ்வடிவ மணிமுடி, 1453இல் கொன்ஸ்தாந்திநோப்பிள் விழுந்த பிறகே ஆயர்களிடையே வழக்கமானது. 9ஆம் நூற்றாண்டு ஆயருக்கு அதை மாட்டிவிட்டால் வரைந்தவருக்கு விஷயம் தெரியாது என்று அர்த்தம். இந்த அச்சில் வெறுந்தலை, சரி. தோளில் சிலுவைகள் பொறித்த நீண்ட வெள்ளைத் துகில், அதாவது ஒமோபோரியோன், கழுத்தைச் சுற்றி வந்து ஒரு முனை முன்னால் நேராகத் தொங்க வேண்டும். அதுவும் சரி. உள்ளே இருக்கும் மேலங்கி கோலமில்லாமல் ஒரே நிறத்தில் இருக்கிறது. உடம்பெல்லாம் சிலுவை நிறைந்த அங்கி பிற்காலத்து வழக்கம். பல அச்சுகளில் எல்லா ஆயருக்கும் அதையே போர்த்திவிடுவார்கள், இதில் அந்தத் தவறு இல்லை.

கைதான் இந்த ஓவியத்தின் சிறப்பு. வழக்கமான நற்செய்தி நூலுக்குப் பதிலாக, இடக்கையில் கிறிஸ்துவின் முகம் வரைந்த வட்டப் படம் ஒன்றை ஏந்தியிருக்கிறார். இது கற்பனை அல்ல. மொஸ்கோவில் உள்ள குளுடோவ் திருப்பாடல் ஏடு 9ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அதன் ஓரத்தில் நிக்கிபோரஸ் இதே வட்டப் படத்தோடு நிற்கிறார், காலடியில் திருவுருவ எதிர்ப்பாளரான, அதாவது புனிதப் படங்களை வணங்கக் கூடாது, அகற்ற வேண்டும் என்ற தரப்பைச் சேர்ந்த, இலக்கணவாதி யோவான் மிதிபட்டுக் கிடக்கிறார். அச்சில் மிதிபடும் ஆளை நீக்கிவிட்டார்கள். வீட்டு ஜெபப் பீடத்துக்கு அது நல்லதுதான்.

பெயர் ஒளிவட்டத்துக்கு இருபுறமும் கிரேக்க எழுத்தில் இருக்கிறது. கடைசி எழுத்து பிறைவடிவில், பழைய பாணியில். அந்த மரபில் பெயர் எழுதாத படம் முடிவடையாத படம். பக்கத்தில் தொங்கும் மலிவான அச்சுகளில் பெயரே இல்லாத தாடிக்கார ஆயர்கள் சிலர் இருக்கிறார்கள். அவர்களை யார் பெயர் சொல்லி விற்றாலும் விலைபோவார்கள், கவனம்.

இவ்வளவு நுணுக்கம் எதற்கு என்று கேட்கலாம். படம் எதனால் படமாகிறது என்ற கேள்விக்காகவே பதவியை இழந்தவர் இவர். பேரரசர் ஐந்தாம் கொன்ஸ்தந்தைன், உண்மையான படம் என்றால் அது தன் மூலத்தோடு ஒரே பொருளாக இருக்க வேண்டும், மரமும் சாயமும் கிறிஸ்துவோடு ஒரே பொருளாக முடியாது, ஆகவே படம் பொய் என்று வாதாடியிருந்தார். நிக்கிபோரஸ் அவருக்கு மூன்று மறுப்பு நூல்கள் எழுதினார். அரிஸ்டோட்டிலின் தர்க்கத்தை எடுத்து, படமும் மூலமும் தகப்பன் மகன் போல உறவால் கட்டப்பட்டவை என்றார். வடிவத்தால் ஒப்பு, பொருளால் வேறு. பொருளும் ஒன்றாகிவிட்டால் அது படமே அல்ல. அந்த வாதத்தை இந்தப் பண்டத்துக்கே பிரயோகிக்கலாம். பலகை எம்.டி.எஃப் என்பதிலோ தங்கம் மஞ்சள் மை என்பதிலோ பெரிய குறை இல்லை. ஒப்பிலும் பெயரிலும் பிழை விட்டால்தான் குறை. எங்கள் மதிப்பீடும் அப்படித்தான்.

இனிக் கட்டங்கள். மேல் இடப்பக்கத்திலிருந்து வலமாகச் சுற்றிவர வேண்டும். முதல் கட்டத்தில் தகப்பன் தியோடர். ஐந்தாம் கொன்ஸ்தந்தைனின் அரச செயலாளராக இருந்தவர், திருவுருவ வணக்கத்தை விடமாட்டேன் என்றதால் பதவி பறிக்கப்பட்டு நிசேயாவுக்கு நாடுகடத்தப்பட்டார். 758 அளவில் பிறந்த நிக்கிபோரஸ் இந்த வீட்டுப் பிள்ளை. கட்டம் சரி.

இரண்டாவது 787இல் நடந்த இரண்டாம் நிசேயாப் பொதுச்சங்கம். இங்கே பெரிய பிழை. நிக்கிபோரஸை ஆயர் வரிசையில் ஒமோபோரியோனோடு உட்கார வைத்திருக்கிறார்கள். அந்தச் சங்கத்துக்கு அவர் போனது அரச செயலாளராக, பேரரசி ஐரீனின் தரப்பில். அப்போது முப்பதை நெருங்கும் பொதுநிலையினர். ஆயராவதற்கு இன்னும் 19 வருடம் இருந்தது. தலைமை தாங்கிய தராசியுஸும் அவரைப் போலவே செயலாளராக இருந்து மறைமுதுவரானவர்தான். ஒருவேளை வரைந்தவர் அந்த இருவரையும் குழப்பிக்கொண்டிருக்கலாம்.

மூன்றாவதும் நான்காவதும் நன்றாக வந்திருக்கின்றன. பொஸ்பரஸ் கரைக்கு அப்பால் ஒதுங்கிப்போய் மடம் கட்டுவது ஒன்று, பிறகு தலைநகரின் பெரிய வறியோர் இல்லத்தைப் பொறுப்பேற்பது மற்றது.

ஐந்தாவது கட்டத்துக்காகவே இதை வாங்கலாம். 806 ஏப்ரல் 12, உயிர்த்த ஞாயிறு, ஆயர் திருநிலைப்பாடு. குனிந்து நிற்கும் நிக்கிபோரஸின் கையில் சுருட்டிய ஏடு ஒன்று இருப்பதைப் பாருங்கள். திருவுருவங்களுக்கு ஆதரவாகத் தான் எழுதியதைத் திருச்சடங்கு முழுவதும் கையில் பிடித்திருந்து, முடிந்ததும் பீடத்துக்குப் பின்னால் வைத்தார் என்று அவருடைய வரலாறு சொல்கிறது. அந்த ஏட்டைச் சின்ன விரலளவு இடத்துக்குள் விடாமல் வரைந்தவர், சீடரான திருத்தொண்டர் இஞ்ஞாசியுஸ் எழுதிய வாழ்க்கை வரலாற்றையோ அதைப் பார்த்து வரைந்த ஒரு நல்ல மூலத்தையோ கையில் வைத்திருந்தார் என்பது நிச்சயம். பொதுச்சங்கக் கட்டத்தில் மட்டும் எப்படிச் சறுக்கினார் என்பது விளங்கவில்லை.

ஆறாவதில் பேரரசர் ஐந்தாம் லியோவின் முன்னால் நிற்கிறார். 813இல் லியோவுக்கு முடிசூட்டியது இவரேதான். விசுவாச அறிக்கையை எழுதிக் கையெழுத்திட்டுத் தா என்று கேட்டபோது பிறகு பார்ப்போம் என்று லியோ தட்டிக்கழித்தார். 814 இறுதிக்குள் திருவுருவங்களை மீண்டும் அகற்றும் வேலை தொடங்கிவிட்டது. ஏழாவதில் படகு. 815 மார்ச் 13, நோயாளியாகத் தூக்கிச் செல்லப்பட்டு, தாமே நிறுவிய மடங்களுக்கு நாடுகடத்தப்படுகிறார். முதலில் அகாதோஸ் மடம், பிறகு புனித தியோடர் மடம். ஏப்ரல் 1ஆம் திகதியே அவருடைய இருக்கையில் தியோடோட்டஸ் ஏறிவிட்டார். 13 வருடம் அங்கேயே எழுதிக்கொண்டிருந்து, 828 ஏப்ரல் 5இல் இறந்தார். எட்டாவதில் 847 மார்ச் 13. அவர் வெளியேற்றப்பட்ட அதே நாளில் மறைமுதுவர் மெத்தோடியுஸ் அவருடைய திருவுடலைத் தலைநகருக்குக் கொண்டுவந்து திருத்தூதர் ஆலயத்தில் வைக்கிறார். மெழுகுதிரி பிடித்து நிற்கும் பேரரசர் மூன்றாம் மைக்கல் சிறுபிள்ளையாக இருக்கிறார். அப்போது அவருக்கு ஏழு வயதளவில், ஆகவே உயரம் சரி.

கட்டங்களில் இல்லாத ஒன்றும் உண்டு. பதவிக்கு வந்த அதே 806இல், பேரரசரின் வற்புறுத்தலுக்கு இணங்கி யோசேப்பு என்ற குருவை நிக்கிபோரஸ் மீண்டும் பணியில் சேர்த்தார். முன்னைய பேரரசர் ஆறாம் கொன்ஸ்தந்தைன் மனைவியைத் தள்ளிவிட்டு 795இல் செய்த இரண்டாம் திருமணத்தை நடத்திவைத்தவர் இந்த யோசேப்பு. ஸ்தூதியோன் மடத்துத் தியோடர் எதிர்த்து நின்றார். பொதுநிலையினர் ஒருவரை நேரே மறைமுதுவராக்கியதே அவருக்கு ஏற்கெனவே பிடிக்கவில்லை. 809 சங்கத்தில் தியோடரைக் கண்டித்து நாடுகடத்தினார்கள். 811க்குப் பிறகுதான் சமரசம் வந்தது. சில வருடத்தில் இருவரும் ஒரே காரணத்துக்காக நாடுகடத்தப்பட்டார்கள். இதை ஒரு கட்டத்திலாவது காட்டியிருந்தால் ஆளுக்கு உயிர் வந்திருக்கும். புனிதரென்றால் யாரோடும் முரண்படாதவர் என்று நினைக்கிறார்கள் போலும்.

இப்போது அந்தத் துண்டுப்பிரசுரம். இரண்டாம் பக்கத்தில் புனிதர் பல்கேரியரோடு போரிட்டு 811இல் கொல்லப்பட்டார், அவருடைய மண்டையோட்டில் எதிரி மன்னன் மது அருந்தினான் என்று அச்சிட்டிருக்கிறார்கள். அது பேரரசர் முதலாம் நிக்கிபோரஸ். 802இல் ஐரீன் பேரரசியைக் கவிழ்த்து அரியணை ஏறி, 811 ஜூலை 26இல் குரும் மன்னனிடம் தோற்று இறந்தவர். மறைமுதுவரைத் தெரிவுசெய்தவரும் அவரே. ரோமிலிருந்த திருத்தந்தை மூன்றாம் லியோவுக்கு வழக்கமான அறிமுகக் கடிதம்கூட அனுப்ப அவர் விடவில்லை, அவர் இறந்த பிறகுதான் கடிதம் போனது. மறைமுதுவரோ அதற்குப் பிறகும் 17 வருடம் உயிரோடிருந்தார்.

மூன்றாம் பக்கத்தில் திருநாள் பெப்ரவரி 9 என்கிறது. அது 3ஆம் நூற்றாண்டில் அந்தியோக்கியாவில் மறைசாட்சியான வேறொரு நிக்கிபோரஸின் நாள். நம்மவருக்குக் கிழக்குத் திருச்சபைகளில் ஜூன் 2ம், திருவுடல் கொண்டுவந்த மார்ச் 13ம். நவநாள் வைக்க நினைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும், துண்டுப்பிரசுரத்தைப் பார்த்தால் வேறொருவருக்கு வைத்து முடித்துவிடுவீர்கள். அவர் எழுதிய வரலாற்றுச் சுருக்கம் 602 முதல் 769 வரை செல்கிறது, அந்தக் காலத்துக்கு இன்றும் முதன்மையான ஆதாரங்களில் ஒன்று. அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

பலகைக்கு வருவோம். அச்சு பலகையில் நேரடியாக அடித்ததல்ல, ஒட்டுத்தாளில் அடித்து ஒட்டியது. ஓரத்தில் நகத்தை ஓட்டினால் மெல்லிய படி ஒன்று தட்டுப்படும். ஒளிவட்டம் மட்டும் பளபளக்கும் தங்கத்தாள், பின்னணி வெறும் மஞ்சள் மை. பலகையைச் சாய்த்துப் பார்த்தால் ஒளிவட்டம் மின்னும், பின்னணி மஞ்சளாகவே நிற்கும். கடைக்காரர் எல்லாம் தங்கம் என்று சொன்னால் சிரித்துவிட்டு விலை பேசுங்கள்.

உண்மையான பிரச்சினை பின்பக்கம். முன்பக்கத்தை ஒட்டுத்தாள் மூடியிருக்கிறது, பின்பக்கமும் நான்கு விளிம்பும் திறந்த எம்.டி.எஃப். கொழும்பின் ஈரக்காற்றைப் பின்பக்கம் மட்டும் உறிஞ்சி விரியும், முன்பக்கம் விரியாது. ஆகவே பலகை முன்னோக்கிக் குழிந்து, மூலைகள் சுவரை விட்டு விலகி வரும். கொட்டாஞ்சேனை, வெள்ளவத்தை போலக் கடலோரம் என்றால் இன்னும் சீக்கிரம். தடுப்பது எளிது. பழைய சோனகத் தெருவில் எந்த ஹார்ட்வெயார் கடையிலும் தண்ணீரில் கரையும் தெளிந்த வார்னிஷ் கிடைக்கும், இருப்பதில் சின்ன டின் போதும். இந்த அளவுப் பலகைக்கு ஒரு பூச்சுக்கு ஒரு மேசைக்கரண்டியளவே செல்லும். தின்னர் கலக்கும் வார்னிஷ் வாங்க வேண்டாம். அது விளிம்பால் வழிந்தால் ஒட்டுத்தாளின் பசை இளகி ஓரம் கிளம்பும்.

முன்பக்க ஓரத்தைச் சுற்றி மாஸ்கிங் டேப் ஒட்டுங்கள். படத்தைச் சுத்தமான துணியில் குப்புற வைத்து, முதலில் விளிம்புகளுக்குப் பூசுங்கள். விளிம்பு மிக அதிகமாகக் குடிக்கும், முதல் பூச்சு காணாமலே போய்விடும். பயப்படத் தேவையில்லை. பிறகு முழுப் பின்பக்கம். காய்ந்ததும் நார் எழும்பிச் சொரசொரப்பாக இருக்கும். 240 இலக்க அரத்தாளால் லேசாகத் தேய்த்து, தூசியைத் துடைத்து, இன்னும் இரண்டு பூச்சு. ஒவ்வொன்றுக்கும் இடையில் குறைந்தது நாலு மணித்தியாலம், மழைக்காலத்தில் ஒரு நாள் விடுவது நல்லது. டேப்பைக் கடைசிப் பூச்சு முழுதாக இறுகுவதற்கு முன்பே உரித்துவிடுங்கள், இல்லாவிட்டால் பூச்சும் சேர்ந்து வரும்.

பலகை ஒரு கிலோவுக்குச் சற்று மேல் இருக்கும். சுவரில் மாட்டக் கடையில் தரும் ஒற்றைப் பல்வளையம் அதைத் தாங்கும், ஆனால் படம் ஒரு பக்கம் சரிந்துகொண்டே இருக்கும். உயரத்தில் மேலிருந்து மூன்றிலொரு பங்கில் இரண்டு வளையம் போடுங்கள். ஸ்க்ரூ ஆணி 10 மில்லிமீற்றருக்கு மேல் வேண்டாம். அதைவிட நீளமானது பலகையைத் துளைத்து முன்பக்கத்தில், அநேகமாகப் புனிதரின் தோளில், குமிழ் ஒன்றைக் கிளப்பும். முதலில் 2 மில்லிமீற்றர் துளை போடாவிட்டால் எம்.டி.எஃப் பிளக்கும். கீழ் மூலைகளில் இரண்டு ரப்பர் பொட்டு ஒட்டினால் சுவருக்கும் பலகைக்கும் இடையில் காற்றோடும். குளியலறையோடு ஒட்டிய சுவரில் மாட்டவே வேண்டாம். மாலை வெயில் விழும் மேற்குப் பக்க யன்னலுக்கு எதிரேயும் வேண்டாம், சிவப்பு முதலில் வெளிறும்.

இதை அதிகம் கெடுப்பது மாலைதான். ஈரம் சொட்டும் மல்லிகைச் சரத்தை மேல் விளிம்பில் சாத்தினால், தண்ணீர் தாளுக்கும் பலகைக்கும் நடுவில் இறங்கி, அங்கே எம்.டி.எஃப் ஊதி, மேல்வரிசைக் கட்டங்கள் கொப்பளிக்கும். ஒருமுறை ஊதிய எம்.டி.எஃப் காய்ந்தாலும் பழைய நிலைக்குத் திரும்பாது. பூ வைப்பதென்றால் கீழே ஒரு தட்டில் வையுங்கள். மெழுகுதிரி ஓர் அடியாவது தள்ளி, படத்துக்கு நேர் கீழே இல்லாமல். துடைக்கக் காய்ந்த மென்துணி போதும், சவர்க்காரத் தண்ணீரோ தேங்காய் எண்ணெயோ தேவையில்லை. ஃபிரேம் கடையில் கண்ணாடி போடச் சொல்வார்கள். போட்டே ஆக வேண்டும் என்றால் கண்ணாடிக்கும் படத்துக்கும் இடையில் 3 மில்லிமீற்றர் பட்டி வைக்கச் சொல்லுங்கள், ஒட்டி வைத்தால் உள்ளே வியர்த்துப் பூஞ்சணம் பிடிக்கும்.

வாங்கும்போது பொலித்தீனைக் கழற்றச் சொல்லி, பலகையைக் கடையின் கண்ணாடி மேசையில் படம் மேலே தெரிய வைத்து மூலைகளை அழுத்திப் பாருங்கள். ஆடினால் ஏற்கெனவே வளைந்தது, வேறொன்று கேளுங்கள். பிறகு விளிம்பைக் கண்ணுக்கு நேரே பிடித்து, தாள் எங்காவது கிளம்பியிருக்கிறதா என்று நான்கு பக்கமும் பார்க்க வேண்டும், முக்கியமாக கீழ் மூலைகளை. யாருக்காவது பரிசாகக் கொடுப்பதென்றால், வார்னிஷ் காய்ந்த பிறகு பின்பக்கத்தில் ஒரு சின்னத் தாள் ஒட்டி, இந்த மூன்று வரியை எழுதிவிடுங்கள்: புனித நிக்கிபோரஸ், கொன்ஸ்தாந்திநோப்பிள் மறைமுதுவர், 806 முதல் 815 வரை. இறப்பு 828 ஏப்ரல் 5. திருநாள் ஜூன் 2, மார்ச் 13.